ஆசிரியர் பணி யாருக்கு? தமிழகத்தில் ஓயாத நியமன வழக்குகள்: ஒரு விளக்கம்

இந்தியாவில் ஒன்றாம் வகுப்பு முதல் எட்டாம் வகுப்புவரை பாடம் நடத்தும் ஆசிரியர்களுக்கு ஓய்வுபெற ஐந்தாண்டுகளுக்குமேல் இருந்தால், அவர்கள் ஆசிரியர் தகுதித் தேர்வில் தேர்ச்சி பெற்றாக வேண்டும். அதற்கு இரண்டு ஆண்டுகள் அவகாசம். தேர்ச்சி பெறாதவர்கள் பணியிலிருந்து விலக வேண்டும். அந்நாட்டின் உச்ச நீதிமன்றம் 2025 செப்டம்பர் 1ஆம் தேதி அளித்த தீர்ப்பு இது.

பல ஆண்டுகளாக வகுப்பறையில் நின்றவர்களும் மீண்டும் தேர்வு மேசையில் அமர வேண்டிய நிலை தமிழகத்தில் பெரும் கவலையை ஏற்படுத்தியது. அந்தக் கவலை சிங்கப்பூருக்கும் எட்டாமல் இல்லை. இங்கு வேலை செய்யும் தமிழகத்தவருக்கும், திருமண உறவால் தமிழகத்தோடு தொடர்புடைய சிங்கப்பூர்க் குடும்பங்களுக்கும் ஆசிரியராக உள்ள அண்ணியோ, பி.எட். முடித்துவிட்டுக் காத்திருக்கும் தம்பியோ இருப்பது புதிதல்ல. ‘தேர்ச்சி பெற்றும் வேலை கிடைக்கவில்லை, வழக்கு நடக்கிறது’ என்ற பேச்சு அத்தகைய வீடுகளில் பழகிப்போன ஒன்று.

அந்த வழக்குகள் எதைப் பற்றியவை? நீதிமன்றங்கள் என்ன சொல்லியுள்ளன? இனி என்ன கவனிக்க வேண்டும்?

பதிவு மூப்பிலிருந்து தேர்வுக்கு

தமிழகத்தில் அரசுப் பள்ளி ஆசிரியர்களைத் தேர்ந்தெடுக்க 1987ல் ஆசிரியர் தேர்வு வாரியம் அமைக்கப்பட்டது. ஆயினும், பல காலம் இடைநிலை ஆசிரியர், பட்டதாரி ஆசிரியர் நியமனங்களில் வேலைவாய்ப்பு அலுவலகப் பதிவு மூப்புக்கே முதன்மை இருந்தது. படித்து முடித்ததும் வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பெயரைப் பதிந்துவிட்டு, முறை வரும்வரை காத்திருப்பது வழக்கம். யார் முதலில் பதிந்தாரோ அவருக்கு முதலில் வேலை. வரிசையில் நிற்பவருக்கு எளிதில் புரியும் நியாயம் அது.

2009ல் நிறைவேறிய கட்டாயக் கல்வி உரிமைச் சட்டம் அந்த வரிசையைக் கலைத்தது. 2010 ஏப்ரல் 1ஆம் தேதி நடப்புக்கு வந்த அச்சட்டத்தின் 23ஆம் பிரிவு, ஆசிரியர்களுக்கான குறைந்தபட்சத் தகுதியை மத்திய அளவில் ஓர் அமைப்பு வரையறுக்க வழிவகுத்தது. அந்தப் பொறுப்பை ஏற்ற தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம், 2010 ஆகஸ்ட் 23ஆம் தேதி வெளியிட்ட அறிவிக்கையில் தகுதித் தேர்வைக் கட்டாயமாக்கியது.

‘டெட்’ என்று பரவலாக அழைக்கப்படும் இத்தேர்வில் இரண்டு தாள்கள் உண்டு. முதல் தாள் ஐந்தாம் வகுப்புவரை கற்பிப்போருக்கு. இரண்டாம் தாள் ஆறு முதல் எட்டாம் வகுப்புவரை கற்பிப்போருக்கு. ஒவ்வொரு தாளுக்கும் 150 மதிப்பெண். தேர்ச்சிக்கு 60 விழுக்காடு, அதாவது 90 மதிப்பெண் தேவை. பின்தங்கிய பிரிவினருக்கு அந்த அளவைத் தளர்த்த மாநிலங்களுக்கு அனுமதி உண்டு. இந்தக் கடைசி வரிதான் பின்னர் உச்ச நீதிமன்றம்வரை சென்ற வழக்கின் வித்து.

ஆறு லட்சம் பேரில் 2,448 பேர்

தமிழகத்தின் முதல் தகுதித் தேர்வு 2012 ஜூலை 12ஆம் தேதி நடந்தது. ஆறு லட்சத்துக்கும் அதிகமானோர் எழுதியதில் தேர்ச்சி பெற்றவர்கள் 2,448 பேர் மட்டுமே. 150 கேள்விகளுக்கு ஒன்றரை மணி நேரம் போதவில்லை என்று எழுந்த குறைகூறலைத் தொடர்ந்து, அக்டோபரில் மறுவாய்ப்பு வழங்கப்பட்டது. அப்போது தேர்வு நேரம் மூன்று மணி நேரமாக நீட்டிக்கப்பட்டது.

அடுத்த தேர்வு 2013 ஆகஸ்ட் 17, 18ஆம் தேதிகளில் நடந்தது. அதன் முடிவுகள் வந்த பிறகு, 2014 பிப்ரவரி 6ஆம் தேதி தமிழக அரசு அரசாணை 25ஐ வெளியிட்டது. தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், பிற்படுத்தப்பட்டோர், மிகவும் பிற்படுத்தப்பட்டோர், உடற்குறையுள்ளோர் உள்ளிட்ட பிரிவினருக்குத் தேர்ச்சி அளவு 55 விழுக்காடாகக் குறைக்கப்பட்டது. 82 மதிப்பெண் எடுத்தாலே அவர்கள் தேர்ச்சி. முடிந்துபோன 2013 தேர்வுக்கும் அது பொருந்தும் என்று அரசு அறிவித்தது.

82 எடுத்துத் தோற்றவருக்கு அது கதவு திறந்த நாள். ஆனால் 90க்குமேல் எடுத்து வேலை உறுதி என்று நம்பியவருக்கு, வரிசையில் பல்லாயிரம் பேர் புதிதாகச் சேர்ந்த நாள். தேர்வு முடிந்த பிறகு விதியை மாற்றலாமா என்ற கேள்வியோடு அவர்கள் நீதிமன்றப் படியேறினர்.

104க்கும் 105க்கும் நடுவே

மற்றொரு சிக்கலும் சேர்ந்துகொண்டது. தகுதித் தேர்வில் தேறியவர்களை வரிசைப்படுத்த ‘வெயிட்டேஜ்’ மதிப்பெண் முறையை அரசு 2012 அக்டோபரில் கொண்டுவந்தது. மொத்தம் 100ல் தகுதித் தேர்வுக்கு 60, பள்ளி, கல்லூரி மதிப்பெண்களுக்கு 40.

அந்த 60ஐக் கணக்கிட்ட விதம்தான் பிரச்சினை. 60 விழுக்காட்டுக்கும் 70 விழுக்காட்டுக்கும் இடையில் எடுத்த அனைவருக்கும் ஒரே 42. அடுத்த படியில் உள்ளவர்களுக்கு 48. இதனால் தேர்வில் 90 எடுத்தவரும் 104 எடுத்தவரும் சமமாயினர். 105 எடுத்தவரோ ஒரே மதிப்பெண் வேறுபாட்டில் ஆறு புள்ளிகள் முன்னே சென்றார். இந்தப் படிநிலை முறையைச் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி எஸ்.நாகமுத்து 2014 ஏப்ரல் 29ஆம் தேதி ரத்துசெய்தார்.

ஒரு மாதத்தில் அரசு புதிய முறையை அறிவித்தது. 2014 மே 30ஆம் தேதியிட்ட அரசாணை 71ன்படி, பட்டதாரி ஆசிரியருக்குப் பன்னிரண்டாம் வகுப்புக்கு 10, பட்டப்படிப்புக்கு 15, பி.எட். படிப்புக்கு 15, தகுதித் தேர்வுக்கு 60 என்ற அளவில், எடுத்த மதிப்பெண்ணுக்கு நேர்விகிதத்தில் புள்ளிகள் கணக்கிடப்படும். இடைநிலை ஆசிரியருக்குப் பன்னிரண்டாம் வகுப்புக்கு 15, ஆசிரியர் பட்டயப் படிப்புக்கு 25, தகுதித் தேர்வுக்கு 60.

கணக்கு சீரானது. மனக்குறை தீரவில்லை. காரணத்தை ஓர் எடுத்துக்காட்டில் பார்க்கலாம்.

தகுதித் தேர்வில் 100 மதிப்பெண் எடுத்த ஒருவர் பல ஆண்டுகளுக்கு முன்னர் படித்தவர் என்று வைத்துக்கொள்வோம். பன்னிரண்டாம் வகுப்பில் 55, பட்டப்படிப்பில் 60, பி.எட்.டில் 70 விழுக்காடு. அவருடைய மொத்தப் புள்ளி 65. தகுதித் தேர்வில் 90 மட்டுமே எடுத்த இளையவர் ஒருவர், அதே படிப்புகளில் முறையே 85, 75, 85 விழுக்காடு வைத்திருக்கிறார். அவருக்கு 68.5. தேர்வில் பத்து மதிப்பெண் குறைவாக எடுத்தவர் வேலைக்கான வரிசையில் முந்திவிடுகிறார்.

‘நாங்கள் படித்த காலத்தில் மதிப்பெண்ணை இப்படி அள்ளிக் கொடுக்கவில்லை. அன்றைய 60ம் இன்றைய 60ம் ஒன்றல்ல’ என்பதே மூத்த பட்டதாரிகளின் வாதம்.

மூன்று நாளில் இரண்டு தீர்ப்பு

இந்த இரு அரசாணைகளையும் எதிர்த்த வழக்குகள் சென்னையிலும் மதுரையிலும் நடந்தன. சென்னை உயர் நீதிமன்றத்தின் முதன்மை அமர்வு 2014 செப்டம்பர் 22ஆம் தேதி அரசின் முடிவுகள் செல்லும் என்றது. மூன்று நாள் கழித்து, அதே நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, ஐந்து விழுக்காட்டுத் தளர்வைத் தந்த அரசாணை 25ஐ ரத்துசெய்தது. ஒரே மதிப்பெண், ஒரே மாநிலம். ஆனால் தீர்ப்புக்கேற்ப ஒருவர் தேறியவராகவும் தேறாதவராகவும் ஆனார்.

முரண்பாடு உச்ச நீதிமன்றம் சென்றது. லாவண்யா எதிர் தமிழ்நாடு அரசு என்ற அந்த வழக்கில், நீதிபதிகள் சிவகீர்த்தி சிங், ஆர்.பானுமதி அமர்வு 2016 நவம்பர் 9ஆம் தேதி இரண்டு அரசாணைகளும் செல்லும் என்று தீர்ப்பளித்தது. தளர்வு தரும் அதிகாரம் மாநிலத்துக்கு உண்டு. எந்தத் தகுதிக்கு எவ்வளவு புள்ளி என்பது அரசின் கொள்கை முடிவு. அது மனம்போன போக்கில் அமையாதவரை நீதிமன்றம் தலையிடாது. இதுவே தீர்ப்பின் சாரம்.

தேர்வு நடந்த 2013 ஆகஸ்டிலிருந்து இறுதித் தீர்ப்பு வர மூன்று ஆண்டுகளுக்கு மேலாயிற்று.

தேர்ச்சி பெற்றும் இன்னொரு தேர்வு

வழக்கில் வென்ற ‘வெயிட்டேஜ்’ முறையை அரசே பின்னர் கைவிட்டது. 2018 ஜூலையில் வெளியான அரசாணை 149, தகுதித் தேர்வில் தேறியவர்கள் வேலைக்காக மற்றொரு போட்டித் தேர்வையும் எழுத வேண்டும் என்றது. தகுதித் தேர்வு இனி நுழைவுச் சீட்டு மட்டுமே.

2013ல் தேறி, தங்கள் முறைக்குக் காத்திருந்தவர்கள் இதை ஏற்கவில்லை. தகுதியை நிரூபித்துவிட்டவரை மறுபடியும் சோதிப்பது ஏன் என்று கேட்டு, சென்னை நுங்கம்பாக்கம் கல்வி வளாகத்தில் பலமுறை போராட்டம் நடத்தினர்.

இடையே வயதும் ஒரு தடையானது. நேரடி நியமனத்துக்கு 2020ல் பொதுப் பிரிவினருக்கு 40, இட ஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு 45 என வரம்பு விதிக்கப்பட்டது. எதிர்ப்புக்குப் பின் அது படிப்படியாகத் தளர்த்தப்பட்டு, 2023ல் 53, 58 என உயர்ந்தது. பட்டதாரி ஆசிரியர்களுக்கான போட்டித் தேர்வு 2024 பிப்ரவரி 4ஆம் தேதியும், இடைநிலை ஆசிரியர்களுக்கானது அதே ஆண்டு ஜூலை 21ஆம் தேதியும் நடந்தன. 2013ல் 35 வயதில் தேறியவர் அடுத்த தேர்வுக் கூடத்துக்குள் நுழைந்தபோது அவருக்கு 46 வயது இருக்கும்.

பணியில் இருப்பவர்களுக்கும் தேர்வு

வேலை தேடுவோருக்கான தேர்வு, வேலையில் இருப்பவர்களையும் தொட்டது எப்படி?

தகுதித் தேர்வு வருவதற்கு முன்பே நியமிக்கப்பட்டவர்களுக்கு அது பொருந்துமா என்ற கேள்வி நெடுநாளாக இருந்தது. சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதிகள் ஆர்.மகாதேவன், முகமது ஷபீக் அமர்வு 2023 ஜூன் 2ஆம் தேதி நடுவழி ஒன்றைக் காட்டியது. 2011 ஜூலை 29க்கு முன் பணியில் சேர்ந்தவர்கள் தேர்வு எழுதாமலே பணியில் தொடரலாம். பதவி உயர்வு வேண்டுமானால் தேற வேண்டும் என்றது அந்தத் தீர்ப்பு.

மேல்முறையீடுகளை விசாரித்த உச்ச நீதிமன்ற நீதிபதிகள் தீபங்கர் தத்தா, அகஸ்டின் ஜார்ஜ் மாசி அமர்வு 2025 செப்டம்பரில் இன்னும் கடுமையான நிலையை எடுத்தது. அதன்படி:

• ஓய்வுபெற ஐந்தாண்டுகளுக்குமேல் உள்ளவர்கள் தீர்ப்பு நாளிலிருந்து இரண்டு ஆண்டுகளுக்குள் தேற வேண்டும்.

• தேறாதவர்கள் விலக வேண்டும், அல்லது கட்டாய ஓய்வு பெறுவர். தேவையான பணிக்காலத்தை முடித்திருந்தால் ஓய்வுகாலப் பலன்கள் உண்டு.

• ஓய்வுபெற ஐந்தாண்டுகளுக்குக் குறைவாக உள்ளவர்கள் தேர்வு எழுதாமல் தொடரலாம். ஆனால் பதவி உயர்வு இல்லை.

• சிறுபான்மையினர் நடத்தும் கல்வி நிலையங்களுக்கு இது பொருந்துமா என்பதைப் பெரிய அமர்வு முடிவுசெய்யும்.

தமிழக அரசு தீர்ப்பை மறுஆய்வு செய்யக் கோரி மனுத்தாக்கல் செய்தது. பணியிலுள்ள ஆசிரியர்களுக்காக 2026ல் சிறப்புத் தகுதித் தேர்வுகள் நடத்தப்படும் என்றும் அறிவித்தது.

ஆசிரியர்கள் கேட்பது, சேர்ந்த நாளில் இருந்த எல்லாத் தகுதியும் தங்களுக்கு இருந்ததே என்பது. நீதிமன்றம் முன்வைப்பது, தரமான ஆசிரியரிடம் கற்பது பிள்ளையின் உரிமை என்பது. இரண்டுமே நியாயத்தின் பெயரால் வைக்கப்படும் வாதங்கள்.

மோசடி நடந்தால் எல்லாருக்கும் இழப்பு

தமிழக வழக்குகள் பெரும்பாலும் விதிகளைப் பற்றியவை. மற்ற சில மாநிலங்களில் விதியை மீறியதே வழக்கானது.

மேற்கு வங்கத்தில் 2016ல் தொடங்கிய பள்ளி ஆசிரியர், ஊழியர் தேர்வில் விடைத்தாள்கள் திருத்தப்பட்டதும், தரவரிசையில் பின்தங்கியோர் முன்னே தள்ளப்பட்டதும் விசாரணையில் தெரியவந்தன. கல்கத்தா உயர் நீதிமன்றம் 2024 ஏப்ரலில் 25,000க்கும் மேற்பட்ட நியமனங்களை மொத்தமாக ரத்துசெய்தது. உச்ச நீதிமன்றம் 2025 ஏப்ரல் 3ஆம் தேதி அதை உறுதிப்படுத்தியது. முறைகேட்டால் பலன் அடைந்தவர்கள் சம்பளத்தையும் திருப்பித் தர வேண்டும் என்றானது. உழைத்துத் தேறியவர்களும் வேலையை இழந்தனர். மாணவர்களின் படிப்பு கெடாமல் இருக்க, குற்றச்சாட்டில் சிக்காத ஆசிரியர்களுக்குச் சில மாத அவகாசம் மட்டும் பின்னர் கிடைத்தது.

ஹரியானாவில் 3,206 தொடக்கப்பள்ளி ஆசிரியர்கள் நியமனத்தில் நடந்த மோசடிக்காக, முன்னாள் முதலமைச்சர் ஓம்பிரகாஷ் சௌதாலாவுக்கு 2013ல் பத்தாண்டுச் சிறைத் தண்டனை விதிக்கப்பட்டது.

நீதிமன்றம் எதைப் பார்க்கும்?

பல ஆண்டுத் தீர்ப்புகளைச் சேர்த்துப் பார்த்தால் சில கோட்பாடுகள் தெளிவாகின்றன.

விளையாட்டு தொடங்கிய பின் அதன் விதியை மாற்றக்கூடாது. தேர்வு அறிவிக்கை வெளியான பிறகு, ஏற்கெனவே உள்ள விதிகள் அனுமதித்தாலன்றி, தகுதியை நடுவில் மாற்ற முடியாது என்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 2024 நவம்பர் 7ஆம் தேதி உறுதிசெய்தது.

தேர்வுப் பட்டியலில் பெயர் வந்துவிட்டதாலேயே வேலை உரிமையாகிவிடாது. இது 1991லேயே சொல்லப்பட்டது. ஆனால் காலியிடத்தை நிரப்பாமல் விடுவதற்கும் அரசிடம் முறையான காரணம் இருக்க வேண்டும்.

விடைக் குறிப்பில் சந்தேகம் இருந்தால் நீதிபதிகள் தாங்களே விடைத்தாளைத் திருத்த முற்படக்கூடாது. ஐயம் இருந்தால் அதன் பலன் தேர்வு நடத்திய அமைப்புக்கே என்று 2017ல் உச்ச நீதிமன்றம் கூறியது.

சுருங்கச் சொன்னால், விதி சட்டத்துக்கு உட்பட்டதா, எல்லாருக்கும் ஒன்றுபோல் நடைமுறைப்படுத்தப்பட்டதா என்பதை நீதிமன்றம் பார்க்கும். இரண்டு நல்ல விதிகளில் எது மேலானது என்று அது தேர்ந்தெடுக்காது. வழக்கில் கழிந்த ஆண்டுகளைத் திருப்பித் தரவும் அதனால் இயலாது. நியாயம் அறிவிக்கை எழுதும் மேசையிலேயே அமைய வேண்டும் என்பதையே இந்த வழக்குகள் மீண்டும் மீண்டும் காட்டுகின்றன.

சிங்கப்பூரில் எப்படி?

சிங்கப்பூரில் இத்தகைய வழக்குகளைக் காண்பது அரிது. அதற்கு நியமன முறையே முக்கியக் காரணம்.

சமூக அமைப்புகள் தமிழ்ப் பள்ளிகளை நடத்திய காலத்தில் ஆசிரியரைத் தேர்ந்தெடுக்கும் பொறுப்பும் அவற்றின் நிர்வாகத்திடமே இருந்தது. 1982ல் மூடப்பட்ட உமறுப் புலவர் தமிழ் உயர்நிலைப் பள்ளியின் பெயர், லிட்டில் இந்தியாவை அடுத்த பீட்டி சாலையில் உள்ள தமிழ் மொழி நிலையத்தில் இன்று நிலைத்திருக்கிறது. அரசாங்கப் பள்ளிகளுக்கு இப்போது கல்வி அமைச்சே நேரடியாக விண்ணப்பம் பெற்று, நேர்முகம் நடத்தி ஆசிரியர்களைச் சேர்க்கிறது. பயிற்சியைத் தேசியக் கல்விக் கழகம் அளிக்கிறது. பல லட்சம் பேர் ஒரே நாளில் எழுதும் தேர்வோ, ஒரு மதிப்பெண்ணில் முன்பின்னாகும் பொதுத் தரவரிசையோ இங்கில்லை. பட்டியல் இல்லாத இடத்தில் பட்டியலை எதிர்க்கும் வழக்குக்கும் இடம் குறைவு.

ஆசிரியர்களுக்கென 1990ல் அமைக்கப்பட்ட கல்விச் சேவை ஆணையம், 1998ல் பொதுச் சேவை ஆணையத்துடன் இணைக்கப்பட்டது.

சட்டப் பாதுகாப்பு இங்கும் உண்டு. அரசமைப்புச் சட்டத்தின் 12ஆம் பிரிவு, பொது அமைப்பின்கீழ் வரும் பதவி நியமனங்களில் சமயம், இனம், வம்சாவளி, பிறந்த இடம் ஆகியவற்றை மட்டுமே காரணமாகக் கொண்டு குடிமக்களிடம் பாகுபாடு காட்டுவதைத் தடுக்கிறது. 110ஆம் பிரிவின்படி, பொதுச் சேவை அதிகாரி ஒருவரைப் பணிநீக்கம் செய்வதற்குமுன் அவர் தரப்பைச் சொல்ல வாய்ப்பளிக்க வேண்டும்.

நீதிமன்றம்வரை சென்ற வழக்குகளில் குறிப்பிடத்தக்கது நியமனம் பற்றியதன்று, நீக்கம் பற்றியது. தேசிய கீதம், பற்றுறுதி ஆகியவற்றில் தம் சமய நம்பிக்கை காரணமாகப் பங்கேற்க மறுத்ததால் வேலை இழந்த தொழில்நுட்பக் கல்விக் கழக ஆசிரியர் ஒருவர் வழக்குத் தொடுத்தார். மேல்முறையீட்டு நீதிமன்றம் 1999ல் அவரது மனுவைத் தள்ளுபடி செய்தது.

அமைச்சுகளின் முடிவை எதிர்த்து நீதிமன்ற மறுஆய்வு கோருவோர் பொதுவாக மூன்று மாதத்துக்குள் அனுமதி கேட்க வேண்டும் என்பதும் நினைவில் கொள்ளத்தக்கது.

தமிழகத்தில் உறவினர் இருந்தால்

தேர்வு எழுதும் உறவினருக்கு இங்கிருந்து உதவுவோர் சிலவற்றை எடுத்துச் சொல்லலாம்.

• அறிவிக்கையை முழுமையாகப் படித்து, அதன் நகலைப் பத்திரப்படுத்தச் சொல்லுங்கள். பின்னர் விதி மாறினால், அன்றைக்கு என்ன இருந்தது என்பதற்கு அதுவே சான்று.

• நுழைவுச் சீட்டு, விடைத்தாள் நகல், விடைக் குறிப்பு மூன்றையும் சேர்த்து வைக்க வேண்டும். தற்காலிக விடைக் குறிப்பில் தவறு இருந்தால், வாரியம் தரும் அவகாசத்துக்குள்ளேயே ஆட்சேபம் தெரிவிப்பது நல்லது. பிறகு நீதிமன்றத்தில் அதற்கு வாய்ப்பு குறைவு.

• தகுதித் தேர்வுச் சான்றிதழ் முன்பு ஏழு ஆண்டுகளுக்கே செல்லுபடியானது. 2021ல் அது ஆயுள் முழுவதற்கும் என மாற்றப்பட்டது. 2011 முதல் தேறியவர்களுக்கும் பொருந்தும். பழைய சான்றிதழைக் காலாவதியானது என்று எண்ணி ஒதுக்க வேண்டாம்.

• அரசிடமிருந்து தகவல் தேவைப்பட்டால் 2005ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் மனுச் செய்யலாம்.

• ‘பணம் கொடுத்தால் வேலை வாங்கித் தருகிறேன்’ என்று சொல்பவருக்காகச் சிங்கப்பூரிலிருந்து ஒரு வெள்ளிகூட அனுப்ப வேண்டாம். மேற்கு வங்க வழக்கு காட்டியதுபோல, அப்படிப் பெற்ற வேலை பல ஆண்டு கழித்தும் பறிபோகலாம். வாங்கிய சம்பளமும் கடனாகலாம்.

பணியில் இருக்கும் ஆசிரியர்கள் முதலில் தங்கள் ஓய்வு நாளைக் கணக்கிட வேண்டும். 2025 செப்டம்பர் 1லிருந்து எண்ணினால் ஐந்தாண்டுகளுக்குமேல் பணிக்காலம் இருந்ததா என்பதே அவர்கள் எந்தப் பிரிவில் வருகிறார்கள் என்பதைத் தீர்மானிக்கும். தீர்ப்பின்படி, தேர்ச்சிக்கான அவகாசம் 2027 செப்டம்பர் 1ஆம் தேதிவரை.